வண்டிக் குடத்தில் செய்த செங்கோல்

என் தாத்தா வண்டிச் சக்கரம் செய்தவர். புதுக்கோட்டைப் பக்கம் ஒரு சின்ன ஊர். கருவேலங்கட்டையைச் செதுக்கிச் சக்கரத்தின் நடுக்கட்டையான குடம் எடுப்பார், குடத்தில் துளை போட்டு ஆரக்கால் அடிப்பார், ஆரக்காலுக்கு மேலே வட்டை கூட்டுவார். கடைசியில் வறட்டி மூட்டத்தில் இரும்புப் பட்டாவைப் பழுக்கக் காய்ச்சி மாட்டித் தண்ணீர் ஊற்றும்போது எழும் சத்தத்துக்கு நாங்கள் பிள்ளைகள் ஓடி வருவோம். அப்பா அந்த வேலையைக் கற்றுக்கொண்டு முடித்தபோது ஊரில் டயர் வண்டி வந்துவிட்டது. அவர் கதவு, ஜன்னல் என்று மாறிக்கொண்டார். நான் கனடாவில், மானிடோபா மாநிலத்தின் தலைநகரான வினிபெக்கில், சமையலறை அலமாரி செய்யும் பட்டறையில் வேலை பார்க்கிறேன். மூன்று தலைமுறையும் மரத்தோடுதான்.

போன ஜூனில் அப்பா வந்திருந்தார். வினிபெக்கில் வயதானவரைக் கூட்டிப்போய்க் காட்ட என்ன இருக்கிறது? இரண்டு ஆறு, ஒரு ரயில் நிலையம், சட்டமன்றக் கட்டடம். சட்டமன்றத்துக்கு அனுமதி இலவசம், வெயிலும் படாது. கூட்டிப்போனேன். மாடிப்படியின் இரண்டு பக்கமும் நிற்கிற வெண்கலக் காட்டெருமைகளை அவர் அவ்வளவாகக் கண்டுகொள்ளவில்லை. சுவரைத்தான் தடவிக்கொண்டே வந்தார். அது டிண்டல் கல். உள்ளே நத்தையும் பவளமும் அப்படியே கல்லாகிக் கிடக்கும். "கடல்ல கெடந்த கல்லுடா இது" என்றார். சரிதான், பல கோடி வருடங்களுக்கு முன்னால் இந்த இடம் கடல்.

சுற்றிக்காட்டிய மாணவி பழைய செங்கோலின் கதைக்கு வந்தாள். பேரவை கூடும்போது சபாநாயகருக்கு முன்னால் மேஜையில் வைக்கிற கோல் அது. நம் ராஜா கையில் பிடிக்கிற மாதிரி மெலிசாக இருக்காது, பீமனின் கதாயுதம் மாதிரி தலை பெருத்திருக்கும். இப்போது பயன்படுத்துவது 1884-இல் வந்தது. அதற்கு முந்தியது, 1871-இல் முதல் கூட்டத்துக்குச் செய்தது, முழுக்க மரம். ரெட் ரிவர் வண்டி என்று இங்கே ஓடிய மாட்டு வண்டியின் சக்கரத்திலிருந்து ஒரு துண்டை எடுத்து ஒரு சிப்பாய் செதுக்கியது என்றாள். எந்தத் துண்டு என்று சொல்ல ஒரு வார்த்தை சொன்னாள். அதை நான் தமிழில் சொல்ல வாய் திறப்பதற்குள் அப்பா கேட்டார்: "குடத்துலயா செஞ்சிருக்கான்?"

குடம்தான். அன்றைக்கு வீட்டுக்கு வந்தும் அவர் அதை விடவில்லை. அவர் விடாததால் நானும் விடவில்லை. பன்னிரண்டு வருடமாக இந்த ஊரில் இருந்தும் தெரிந்துகொள்ளாததை மூன்று வாரத்தில் தேடிப் படித்தேன்.

முதலில் வண்டி. ரெட் ரிவர் வண்டியில் பொட்டு இரும்பு கிடையாது. ஆணி இல்லை, பட்டா இல்லை. இரண்டே சக்கரம், ஆள் நெஞ்சு உயரத்துக்கு. இழுக்க ஒரு மாடு அல்லது ஒரு குதிரை. எங்கேயாவது பிளந்தால் காட்டெருமையின் பச்சைத் தோலை ஈரமாகச் சுற்றிக் கட்டிவிடுவார்கள். காய்ந்தால் இரும்பு மாதிரி இறுகிவிடும். ஆறு குறுக்கிட்டால் சக்கரத்தைக் கழற்றி வண்டிக்கு அடியில் கட்டி மிதக்கவிட்டு அக்கரை சேர்வார்கள். அப்பாவுக்கு இதெல்லாம் சரி என்றே பட்டது. ஒன்றைத்தான் ஒப்புக்கொள்ள முடியவில்லை: சக்கரம் சுற்றும் அச்சுக்கு வழவழப்புக்கான வண்டி மை போட மாட்டார்கள். போட்டால் புல்வெளிப் புழுதி ஒட்டிக்கொண்டு அச்சை அரித்துவிடும். அதனால் மரத்தோடு மரம் உரசி, வண்டி வரும் முன்னே கிறீச்சிடும் சத்தம் வந்துவிடும், மைல் கணக்கில் கேட்கும். நூற்றுக்கணக்கான வண்டி வரிசையாகப் போனால் எப்படி இருந்திருக்கும் என்று நினைத்துப் பாருங்கள். "மை போடாம வண்டியா, மாடு சாபம் விடும்" என்றார் அப்பா.

இந்த வண்டிகளின் சொந்தக்காரர்கள் மேட்டீ மக்கள். (அப்பா காதில் கடைசி வரைக்கும் அது மெட்டி என்றேதான் விழுந்தது.) விலங்குகளின் ரோமத்தோல் வியாபாரத்துக்கு வந்த பிரெஞ்சு, ஸ்காட்லாந்து ஆண்களுக்கும் இந்த மண்ணின் கிரீ, ஒஜிப்வே பெண்களுக்கும் பிறந்து, தலைமுறைகளில் தனி இனமாக ஆனவர்கள். 1870-இல் இங்கே எடுத்த கணக்கில் மொத்தம் சுமார் 12,000 பேர். அதில் பத்தாயிரத்துக்குக் கொஞ்சம் குறைய மேட்டீ. பிரெஞ்சு பேசுகிறவர்கள் கூடுதல், இங்கிலீஷ் பேசுகிறவர்கள் கொஞ்சம் குறைவு. வெள்ளைக்காரர்கள் ஆயிரத்து ஐந்நூறு சொச்சம்தான். இந்தக் கணக்கை மறக்காமல் வைத்துக்கொள்ளுங்கள்.

அதுவரை இந்தப் பகுதி ஹட்சன் பே கம்பெனியின் சொத்து. கம்பெனி அதைக் கனடாவுக்கு 3,00,000 பவுண்டுக்கு விற்றது. குடியிருந்தவர்களிடம் ஒரு வார்த்தை கேட்கவில்லை. 1869 அக்டோபரில் நில அளவைக்காரர்கள் சங்கிலியோடு வந்து ஒரு மேட்டீ விவசாயியின் மேய்ச்சல் நிலத்தை அளக்க ஆரம்பித்தார்கள். லூயி ரியெல் என்ற 24 வயதுப் பையன் வந்து அந்தச் சங்கிலியின் மேல் காலை வைத்தான். இதற்கு மேல் போகக்கூடாது என்றான். மானிடோபா மாநிலம் அங்கேதான் ஆரம்பிக்கிறது. ரியெலும் கூட்டாளிகளும் கோட்டையைப் பிடித்தார்கள், தற்காலிக அரசு அமைத்தார்கள், உரிமைப் பட்டியல் எழுதிக் கனடாவின் தலைநகர் ஒட்டாவாவுக்குத் தூது அனுப்பினார்கள். நடுவில் ஒன்டாரியோ மாநிலத்திலிருந்து வந்த தாமஸ் ஸ்காட் என்பவனைச் சுட்டுக் கொன்றார்கள். அந்த ஒரு காரியம் ரியெலைக் கடைசி வரை துரத்தியது. ஆனாலும் பேரம் படிந்தது. 1870 மே மாதம் மானிடோபா சட்டம் வந்தது. அதன் 23-ஆவது பிரிவு: பேரவையிலும் நீதிமன்றத்திலும் பிரெஞ்சு, இங்கிலீஷ் இரண்டிலும் பேசலாம், சட்டங்கள் இரண்டிலும் அச்சாக வேண்டும். மேட்டீ பிள்ளைகளுக்கென்று 14 லட்சம் ஏக்கர் நிலமும் ஒதுக்கினார்கள்.

அப்புறம் ஆகஸ்டில் கர்னல் வோல்ஸ்லியின் தலைமையில் படை வந்து சேர்ந்தது. ரியெல் எல்லை தாண்டி அமெரிக்காவுக்குத் தப்பினார். அந்தப் படையோடு வந்த சிப்பாய் ஒருவன்தான் செங்கோலைச் செதுக்கியவன். மேட்டீக்களை அடக்க வந்தவனுக்குக் கிடைத்த கட்டை மேட்டீ வண்டியின் குடம். வேண்டுமென்றே எடுத்தானா, கைக்குக் கிடைத்ததை எடுத்தானா? அப்பாவைக் கேட்டேன். "கடையிற வேலைக்கு நல்லா காஞ்ச கட்டை வேணும். பழைய வண்டிக் குடத்தைவிடக் காஞ்ச கட்டை எங்க கிடைக்கும்?" என்றார். தச்சனின் பதில். எனக்கும் அதுவே போதும்.

பேரவை கூட இடம் இல்லை. கட்டடம் என்று சொல்லிக்கொள்ள ஊரில் அதிகம் ஒன்றும் இல்லாத காலம். வினிபெக் என்பது ஆற்றோரம் சில கடைகளும் சேறும்தான். கிரீ மொழியில் அந்தப் பெயருக்கே கலங்கல் தண்ணீர் என்று அர்த்தம். கடைசியில் ஆண்ட்ரூ பன்னடைன் என்ற வியாபாரியின் வீடு கிடைத்தது. மரக்கட்டைகளை அடுக்கிக் கட்டிய வீடு. 1871 மார்ச் 15-ஆம் தேதி முதல் கூட்டம் அங்கே ஆரம்பித்தது.

அந்த வீட்டைப் பற்றி எழுதுகிறவர்கள் எல்லோரும் பன்னடைன் வீடு என்கிறார்கள். நான் ஆனியின் வீடு என்பேன். ஆனி பன்னடைன், அவர் மனைவி. ஊரின் பெரிய பணக்காரர் ஆண்ட்ரூ மெக்டெர்மாட்டின் மகள், அம்மா வழியில் மேட்டீ. 1868-இல் சார்லஸ் மேர் என்ற கவிஞர் இங்கே வந்து தங்கி, இந்த ஊர்க் கலப்பினப் பெண்களைக் கேலி செய்து கடிதம் எழுத, அது 1869-இல் டொரான்டோ பத்திரிகையில் அச்சாகிவிட்டது. தபால் எடுக்க அவர் வருவதும் பன்னடைன் கடைக்குத்தான், பன்னடைன்தான் போஸ்ட்மாஸ்டர். ஆனி காத்திருந்து, குதிரைச் சவுக்கை எடுத்து, எல்லார் முன்னாலும் அவரை விளாசிவிட்டார். அதே பெண்மணி இரண்டு வருடம் கழித்துத் தன் வீட்டைச் சட்டமன்றத்துக்கு விட்டுக்கொடுத்திருக்கிறார். உறுப்பினர்கள் கொஞ்சம் பார்த்துத்தான் பேசியிருப்பார்கள் என்று எனக்கு ஒரு நினைப்பு. வினிபெக்கின் முதல் பெரிய ஆஸ்பத்திரிக்கு நிதி திரட்டியதிலும் அவர் பங்கு பெரியது. ஆனால் அவர் ஓட்டுப் போட முடியாது, உறுப்பினராக முடியாது. மானிடோபாவில் பெண்களுக்கு ஓட்டு வர 1916 ஆனது. கனடாவில் முதலில் கொடுத்தது இந்த மாநிலம்தான், அதையும் சொல்லிவிட வேண்டும்.

உறுப்பினர்கள் 24 பேர். துணைநிலை ஆளுநராக வந்த ஆடம்ஸ் ஆர்ச்சிபால்ட் மாநிலத்தை 24 தொகுதியாகப் பிரித்தார். பன்னிரண்டு பிரெஞ்சு, பன்னிரண்டு இங்கிலீஷ். மாநிலம் என்றாலும் அப்போது அது வரைபடத்தில் ஒரு சின்னச் சதுரம், தபால்தலை மாநிலம் என்று கேலி செய்வார்கள். 1870 டிசம்பர் கடைசியில் தேர்தல். ரகசிய வாக்கு கிடையாது, எல்லார் காதிலும் விழ யாருக்கு என்று சொல்ல வேண்டும். நம் ஊரில் இப்படி நடந்தால் ஓட்டுப் போட்டவன் வீடு போய்ச் சேர மாட்டான்.

ஜெயித்து வந்தவர்களின் பட்டியலைப் பார்க்கப் பார்க்க எனக்கு ஆச்சரியம் தீரவில்லை. லூயி ஷ்மிட் என்ற மேட்டீ இளைஞர், சிறுவயதில் ரியெலோடு சேர்ந்து பிரெஞ்சு பேசும் கியூபெக் மாநிலத்துக்குப் படிக்க அனுப்பப்பட்டவர், ரியெலின் தற்காலிக அரசில் உதவிச் செயலாளர். தாமஸ் பன், அதே அரசின் செயலாளர். தலைவர் நாடு விட்டு ஓடி ஒளிந்திருக்க, அவருடைய செயலாளர்கள் பேரவையில் உட்கார்ந்திருக்கிறார்கள். அவர்களுக்கு எதிரே யார்? டொனால்ட் ஸ்மித், ஹட்சன் பே கம்பெனியின் பெரிய ஆள், ஒரு வருடம் முன்னால் ரியெலோடு பேச ஒட்டாவா அனுப்பியவர். பதினைந்து வருடம் கழித்து கனடாவைக் கடந்து போன ரயில் பாதையின் கடைசி ஆணியை அடித்து போட்டோவுக்கு நின்றவரும் இவரே. பாஸ்கல் பிரெலன் என்ற மேட்டீ வியாபாரி ஒருவர். ஜோசஃப் ரோயல், கியூபெக்கிலிருந்து வந்து சில மாதமே ஆன வக்கீல், பத்திரிகைக்காரர். முதல் சபாநாயகர் அவர். அப்புறம் ஹை பிளஃப் தொகுதியிலிருந்து, போட்டியே இல்லாமல், 29 வயது விவசாயி ஜான் நோர்க்வே. இவரிடம் திரும்பி வருகிறேன்.

ஆர்ச்சிபால்டைப் பற்றியும் ஒரு வார்த்தை. 1871 அக்டோபரில் அமெரிக்கப் பக்கமிருந்து ஃபீனியன்கள் என்ற ஐரிஷ் கூட்டம் எல்லை தாண்டி வருகிறது என்று பீதி கிளம்பியது. மேட்டீக்கள் குதிரைகளோடு திரண்டு வந்து மாநிலத்தைக் காக்க நிற்கிறோம் என்றார்கள். ஆளுநர் ஆற்றைக் கடந்து போய் நன்றி சொல்லி, தலைவர்களோடு கை குலுக்கினார். அதில் ஒரு கை ரியெலுடையது. யார் என்று பெயர் சொல்லி அறிமுகப்படுத்தவில்லை, அவரும் கேட்கவில்லை. தெரியாமல் இருக்குமா? ஒன்டாரியோவில் எழுந்த கூச்சலில் அவர் வேலை ஆட்டம் கண்டது. எனக்கு அந்த மனுஷனைப் பிடித்திருக்கிறது.

இனி தார் கதை. அப்பாவுக்கு நான் சொன்னதிலேயே அவர் கண்ணைத் திறந்து கேட்டது இதைத்தான்.

1873 தொடக்கம். வினிபெக்கை நகராட்சியாக்க வேண்டும் என்று ஊர் வியாபாரிகள் மசோதா எழுதிக் கொடுத்தார்கள். பேரவை அதை அப்படியே எடுக்காமல் வெட்டி ஒட்டி மாற்றியது. ஊர்க்காரர்களுக்குக் கோபம். அதற்கு மேல், அப்போது சபாநாயகராக இருந்த டாக்டர் கர்டிஸ் ஜேம்ஸ் பேர்ட், மசோதா விதிப்படி இல்லை என்று தள்ளிவிட்டார். பேர்ட் இந்த மண்ணிலேயே பிறந்தவர், ரெட் ரிவர் பக்கம் எல்லோருக்கும் வைத்தியம் பார்த்தவர். மார்ச் மாத இரவு ஒன்றில், நோயாளி ஒருவர் மோசமாக இருக்கிறார், உடனே வாருங்கள் என்று ஆள் வந்தது. டாக்டர் என்ன செய்வார்? பனிவண்டியில் கிளம்பினார். வழியில் ஒரு கும்பல் மறித்து, இழுத்துப் போட்டு, சூடான தாரை அவர் மேல் ஊற்றியது.

வினிபெக்கின் மார்ச் இரவு எப்படி இருக்கும் என்று எனக்குத் தெரியும். பட்டறையிலிருந்து பஸ் நிறுத்தத்துக்கு நூறு அடி நடப்பதற்குள் மூக்கு முடி உறைந்துவிடும். அந்தக் குளிரில், தார் பட்ட முகத்தோடு ஒரு மனிதர் வீடு திரும்பியிருக்கிறார். செய்தது யார் என்று கடைசி வரை யாரும் மாட்டவில்லை. வினிபெக் அதே வருடம் நவம்பர் 8-ஆம் தேதி நகராட்சி ஆகிவிட்டது. பேர்ட் 1876-இல் இறந்துபோனார்.

"டாக்டரைப் பொய் சொல்லிக் கூப்பிட்டாங்க பாரு, அதான் பாவம்" என்றார் அப்பா. தாரைவிட அதுதான் அவருக்கு உறுத்தியது.

1873 டிசம்பரில் ஆனியின் வீடும் தீயில் போனது. அதன் பிறகு பேரவை நீதிமன்றக் கட்டடத்துக்குப் போனது. சிறைச்சாலையும் அதோடு சேர்ந்ததுதான். இதற்கு ஜோக் எழுத வேண்டியதில்லை.

மேலவை ஒன்றும் இருந்தது. ஏழே ஏழு பேர், எல்லாம் நியமனம். அதில் டொனால்ட் கன் என்ற ஸ்காட்லாந்துக் கிழவர் எனக்குப் பிடித்தமானவர்: பறவை முட்டைகளும் பாடம் செய்த விலங்குகளும் சேகரித்து வாஷிங்டனின் ஸ்மித்சோனியன் அருங்காட்சியகத்துக்கு அனுப்பிக்கொண்டிருந்தவர். இன்னொருவர் ஜேம்ஸ் மெக்கே, மேட்டீ, மலை மாதிரி உடம்பு, வழிகாட்டி, வியாபாரி. பூர்வகுடிகளோடு அரசு போட்ட ஒப்பந்தங்கள் பலவற்றில் நடுவில் நின்று பேசியவர். அந்த ஒப்பந்தங்களில் கையெழுத்திட்ட பூர்வகுடிகளுக்கு இந்தப் பேரவையில் இடம் இல்லை, வெகுகாலம் ஓட்டும் இல்லை. மாநிலத்திடம் காசு இல்லை, மேலவை வீண்செலவு என்று ஒட்டாவா நெருக்கியது. 1876-இல் மேலவை தன்னைத்தானே கலைத்துக்கொண்டது. பிரெஞ்சுக்காரர்களுக்கு அது ஒரு காப்பு என்று நம்பியிருந்தவர்களுக்கு அதில் வருத்தம்தான்.

நோர்க்வேக்கு வருகிறேன். இங்கிலீஷ் பேசும் மேட்டீ. சின்ன வயதில் அப்பா அம்மா இல்லாமல் போய், பாட்டி வளர்த்த பிள்ளை. பிஷப் ஒருவர் கண்ணில் பட்டதால் படிப்பு கிடைத்தது. கொஞ்ச நாள் வாத்தியார், அப்புறம் விவசாயம். இங்கிலீஷ், பிரெஞ்சு, கிரீ, ஒஜிப்வே என்று தொகுதியில் எவன் வந்தாலும் அவன் மொழியிலேயே பேசுவார். ஆறடிக்கு மேல் உயரம், முந்நூறு பவுண்டுக்கு மேல் எடை. ஆனால் நடனம் என்றால் முதல் ஆள், ரெட் ரிவர் ஜிக் ஆடுவதில் அவரை மிஞ்ச ஆள் இல்லை என்பார்கள். 1878-இல் முதல்வரானார். 1887 வரைக்கும் அவர்தான். அவருக்கு அப்புறம் பூர்வகுடி வழியில் வந்த இன்னொரு முதல்வரை மானிடோபா பார்க்க 2023 வரை ஆனது.

இவர்தான் என் ஆள் என்று முடிவு செய்து வைத்திருந்தேன். படிக்கப் படிக்க இடறியது. 1879-இல் ஜோசஃப் ரோயலும் பிரெஞ்சு உறுப்பினர்களும் அவரைக் கவிழ்க்கப் பார்த்தார்கள். நோர்க்வே இங்கிலீஷ் உறுப்பினர்கள் எல்லோரையும் தன் பக்கம் திரட்டி நாற்காலியைக் காப்பாற்றிக்கொண்டார். அதற்கு விலை: அரசு ஆவணங்களைப் பிரெஞ்சில் அச்சடிப்பதை நிறுத்தும் மசோதா. பேரவை நிறைவேற்றியும்விட்டது. ஆளுநராக இருந்த ஜோசஃப் கோஷன் கியூபெக்காரர். கையெழுத்துப் போடாமல் ஒட்டாவாவின் முடிவுக்கு ஒதுக்கி வைத்தார், அது அப்படியே செத்தது. நாலு மொழி பேசுகிறவர் ஒரு மொழியை வெட்டத் துணிந்திருக்கிறார். அரசியலில் நாற்காலி ஆடும்போது மனிதர்கள் செய்வதுதான், ஆனாலும் எனக்குக் கஷ்டமாக இருந்தது.

அவரைக் கடைசியில் கவிழ்த்தது ரயில். கனடியன் பசிபிக் ரயில்வேயைத் தவிர வேறு யாரும் எல்லைப் பக்கம் பாதை போடக்கூடாது என்று ஒட்டாவா அந்தக் கம்பெனிக்கு எழுதிக் கொடுத்திருந்தது. போட்டி இல்லாததால் கோதுமைக்குக் கூலி எக்கச்சக்கம். மானிடோபா பேரவை வேறு பாதைக்குச் சட்டம் போடும், ஒட்டாவா ரத்து செய்யும். மறுபடி போடும், மறுபடி ரத்து. நோர்க்வே 1887-இல் மாநிலமே பாதை போடும் என்று இறங்கினார். பிரதமர் மெக்டொனால்ட் கை கொடுக்கவில்லை, பணக் கணக்கில் சிக்கல் வந்தது, டிசம்பரில் பதவி போனது. அடுத்த வருடமே ரயில்வே தன் தனியுரிமையை விட்டுக்கொடுத்தது. நோர்க்வே 1889-இல், 48 வயதில் இறந்தார். செயின்ட் ஜான்ஸ் தேவாலயக் கல்லறையில் இருக்கிறார்.

அதே ரயில்தான் அந்த 12,000 கணக்கையும் மாற்றியது. 1878 டிசம்பரில் தெற்கேயிருந்து முதல் ரயில் வந்தது, சில வருடத்தில் கிழக்கேயிருந்தும். ஒன்டாரியோவிலிருந்து ஆட்கள் பெட்டி பெட்டியாக இறங்கினார்கள். 1891-இல் மாநிலத்தின் மக்கள்தொகை 1,52,506. இருபது வருடம் முன்னால் ஊரே தாங்களாக இருந்தவர்கள் அதில் ஒரு மூலைக்கு ஒதுங்கிப்போனார்கள். ஒதுக்கிய 14 லட்சம் ஏக்கர் தாமதத்திலும் குளறுபடியிலும் கை நழுவியது. அதில் அரசு தன் கடமையில் தவறியது என்று உச்ச நீதிமன்றம் சொன்னது 2013-இல். பலர் வண்டியைக் கட்டிக்கொண்டு மேற்கே போய்விட்டார்கள். வண்டிக்கும் வேலை இல்லாமல் போனது. 1884-இல் புதுச் செங்கோல் வந்து, குடத்தில் செய்தது ஓய்வு பெற்றது. அப்போது முதல்வர் நாற்காலியில் இருந்தவர் நோர்க்வே.

1890-இல் தாமஸ் கிரீன்வேயின் ஆட்சி. இங்கிலீஷ் மட்டும்தான் இனி ஆட்சிமொழி என்று சட்டம் போட்டார்கள், கத்தோலிக்கப் பள்ளிகளுக்கான அரசுப் பணத்தையும் நிறுத்தினார்கள். 23-ஆவது பிரிவு? அது ஒட்டாவா போட்ட சட்டம், அரசியலமைப்பின் பகுதி, இவர்கள் தொட முடியாதது. தொட்டார்கள். 1892-இல் செயின்ட் போனிஃபாஸ் நீதிபதி ஒருவர் இது செல்லாது என்று தீர்ப்பு எழுதினார். 1909-இல் இன்னொரு தீர்ப்பு, அதுவும் செல்லாது என்றே. அரசு இரண்டையும் படித்துப் பார்த்ததாகக்கூடக் காட்டிக்கொள்ளவில்லை. மேல்முறையீடு செய்தால் தோற்கும், சும்மா இருந்தால் மறந்துபோகும். எல்லா ஊரிலும் அதிகாரிகளுக்குத் தெரிந்த வித்தை இது.

மறக்காத ஒருவர் 1976-இல் வந்தார். ஜோர்ஜ் ஃபோரெ, ஆற்றுக்கு அக்கரையில் செயின்ட் போனிஃபாஸில் இன்ஷூரன்ஸ் ஏஜென்ட். காரை நிறுத்தக்கூடாத இடத்தில் நிறுத்தியதற்கு ஐந்து டாலர் அபராதச் சீட்டு. சீட்டு இங்கிலீஷில் மட்டும் இருந்தது. கட்ட மாட்டேன் என்றார். ஐந்து டாலருக்காக உச்ச நீதிமன்றம் வரை போனார். 1979 டிசம்பரில் தீர்ப்பு: 1890-இன் மொழிச் சட்டம் செல்லாது. 1985-இல் அதற்கும் மேலே: இத்தனை வருடமாக இங்கிலீஷில் மட்டும் போட்ட சட்டங்கள் எல்லாமே செல்லாது. ஆனால் ஒரே நாளில் மாநிலம் சட்டமில்லாமல் நின்றுவிடுமே! அதனால் மொழிபெயர்த்து முடிக்கும் வரை அவை செல்லுபடியானதாக வைத்துக்கொள்ளுங்கள் என்று கோர்ட் அவகாசம் கொடுத்தது. மொழிபெயர்ப்பாளர்களுக்குப் பல வருட வேலை.

இந்தக் கதையை நான் அப்பாவுக்குச் சொன்னது பன்னடைன் அவென்யூவில், ஒரு மரத்தடியில். அவர்கள் பெயர் இருக்கிற தெருவையாவது காட்டலாம் என்று கூட்டிப்போயிருந்தேன். பக்கத்துத் தெரு மெக்டெர்மாட், ஆனியின் அப்பா பெயர். பேச்சு சுவாரசியத்தில் நேரம் போனது தெரியவில்லை. திரும்பி வந்தால் காரின் கண்ணாடியில் அபராதச் சீட்டு. என் தப்புதான், இருபது நிமிடம் தாண்டியிருந்தது.

"எந்த மொழில எழுதியிருக்கான்னு பாரு" என்றார் அப்பா.

பார்க்கவில்லை. கட்டிவிட்டேன்.

ஆகஸ்டில் ஊருக்குப் போனார். போய் ஒரு வாரம் கழித்து வீடியோவில் கூப்பிட்டபோது டீக்கடையில் உட்கார்ந்திருந்தார், சுற்றிலும் நாலைந்து பேர். கனடாவில் என்ன பார்த்தீர்கள் என்று கேட்டவர்களுக்கு அவர் காட்டெருமையையும் சொல்லவில்லை, கட்டடத்தையும் சொல்லவில்லை. வண்டிக்கு மை போடாத ஊர் என்பதையும், சபாநாயகர் மேல் தார் ஊற்றினார்கள் என்பதையும்தான் சொல்லியிருக்கிறார். எங்கள் தாத்தாவிடம் வண்டி வாங்கிய குடும்பத்துப் பெரியவர் ஒருவர் போனுக்குள் எட்டிப் பார்த்தார்.

"ஏம்ப்பா, அந்தத் தாரை வண்டிக்காவது பூசியிருக்கலாம்ல?"